கதவைப் பூட்டாதீர்கள்

கேள்வி: ஒன்றரை மணி நேரம் ஓடக்கூடிய டார்க் காமெடி நாடகம் ஒன்று எழுதியிருக்கிறேன். வீடு மாறும் ஒருவர் முகவரியை மாற்றப் பதிவு அலுவலகத்துக்குப் போகிறார். விண்ணப்பம் கொடுத்தவுடன் பழைய முகவரி ரத்தாகிவிடுகிறது. ஒப்புதல் வரும்வரை புதிய முகவரி பதிவாகாது. பதிவில்லாத இடத்தில் தங்குவது குற்றம். ஆகவே முடிவு தெரியும்வரை அவர் அலுவலகத்திலேயே தங்க வேண்டியதாகிறது. கடைசியில் அங்கேயே எழுத்தர் ஆகிவிடுகிறார். நண்பர்களுக்கு வாசித்துக் காட்டினேன். முதல் இருபது நிமிடம் விழுந்து விழுந்து சிரித்தார்கள், அப்புறம் சத்தமே இல்லை. ஒருவர், “இப்படியெல்லாம் எங்கே நடக்கும்?” என்றார். இன்னொருவர், “நிஜமாகவே இப்படி மாட்டிக்கொண்டவர்கள் இருக்கிறார்கள், அவர்களை வைத்துச் சிரிக்கலாமா?” என்று கேட்டார். பிரதியை இணைத்திருக்கிறேன். எங்கே சறுக்குகிறது?
(பெயர் வெளியிட விரும்பாத வாசகர்)

பதில்: பிரதியை முழுவதும் படித்தேன். நல்ல செய்தியை முதலில் சொல்லிவிடுகிறேன். உங்கள் அடிப்படை விதி மிக நன்றாக இருக்கிறது. மூன்று வரிகளில் ஒரு மனிதனுக்கு உலகத்தில் நிற்க இடமில்லாமல் போய்விடுகிறது, அதுவும் யாரும் அவர்மேல் கோபப்படாமலேயே. நண்பர்கள் முதல் இருபது நிமிடம் சிரித்தது இதற்காகத்தான்.

அதற்குப் பிறகு இந்த விதியை நீங்களே நம்பாமல் விட்டுவிட்டீர்கள். மூன்றாம் காட்சியில் ஒரு அதிகாரி நிழலுக்கும் புகைப்படம் கேட்கிறார். நான்காம் காட்சியில் தும்முவதற்கு அனுமதிச் சீட்டு. ஐந்தாம் காட்சியில் ஏழாவது மாடிக்கும் எட்டாவது மாடிக்கும் நடுவில் இன்னொரு மாடி. ஒவ்வொன்றும் தனியாகப் பார்த்தால் வேடிக்கைதான். ஆனால் நிழல் புகைப்படம் வந்த நொடியில், “சரி, இது கற்பனை ஊர், நமக்கு இது நடக்காது” என்று பார்வையாளர் நிம்மதியாகிவிடுகிறார். முதல் விதி அவரைச் சிரிக்கவும் வைத்தது, உள்ளுக்குள் கொஞ்சம் கலங்கவும் வைத்தது. அந்தக் கலக்கம் போனதும் சிரிப்பும் போய்விட்டது. “எங்கே நடக்கும்?” என்று கேட்ட நண்பர் உங்கள் கருவைக் குறை சொல்லவில்லை. தும்மல் சீட்டைத்தான் சொல்கிறார்.

2013-ல் அமெரிக்காவின் ஓஹையோ மாநிலத்தில் நடந்த ஒரு வழக்கைப் பாருங்கள். 1986-ல் வீட்டைவிட்டுப் போன ஒருவரை 1994-ல் நீதிமன்றம் இறந்தவராக அறிவித்திருந்தது. அவர் திரும்பி வந்து, ஓட்டுநர் உரிமமும் சமூகப் பாதுகாப்பு எண்ணும் மறுபடி வேண்டும் என்பதற்காக, தன்னை உயிரோடிருப்பவராக அறிவிக்கச் சொல்லி மனுப் போட்டார். நீதிபதி எதிரிலேயே நின்றார். அவர் உயிரோடிருப்பதில் நீதிபதிக்கும் சந்தேகம் இல்லை. ஆனால் மரண அறிவிப்பை மூன்று வருடங்களுக்குள்தான் மாற்ற முடியும், கெடு எப்போதோ முடிந்துவிட்டது என்று மனு தள்ளுபடியானது.

இதில் பைத்தியக்காரர் யார் என்று தேடிப் பாருங்கள். ஒருவரும் இல்லை. மூன்று வருடக் கெடுவுக்குக்கூட நியாயம் இருக்கிறது. ஒருவர் இறந்தார் என்று நம்பி அவர் குடும்பம் உதவித்தொகை வாங்கியிருக்கும், சொத்தைப் பிரித்திருக்கும், வேறு வாழ்க்கையைத் தொடங்கியிருக்கும். இருபது வருடம் கழித்து அத்தனையையும் கலைக்க முடியுமா? அந்த மனுவை அவருடைய முன்னாள் மனைவியே எதிர்த்தார். பிள்ளைகளுக்காக வாங்கிய தொகையைத் திருப்பிக் கட்டச் சொல்வார்களோ என்ற பயம். அந்தப் பயமும் நியாயமானதுதான். 2018-ல் ருமேனியாவில் 63 வயதுக்காரர் ஒருவருக்கும் கிட்டத்தட்ட இதேதான் நடந்தது. அவர் வெளிநாட்டில் இருந்தபோது சொந்த நாட்டில் மரணச் சான்றிதழ் கொடுத்துவிட்டார்கள். அதை ரத்து செய்யக் கேட்டபோது, மேல்முறையீட்டுக் காலம் கடந்துவிட்டது என்றது நீதிமன்றம்.

உங்கள் நாடகத்தில் இல்லாதது இந்த நியாயம்தான். விண்ணப்பம் கொடுத்ததும் பழைய முகவரி ஏன் ரத்தாக வேண்டும்? பிரதியில் எங்கேயும் பதில் இல்லை. ஒரு பதில் கொடுங்கள். ஒரே ஆள் இரண்டு முகவரியில் பதிவாகி, இரண்டு இடத்திலும் உதவித்தொகை வாங்கி, உண்மையில் தேவைப்பட்ட ஒரு குடும்பத்துக்குக் கிடைக்காமல் போயிருக்கலாம். அதனால் வந்த விதி என்று இருக்கட்டும். கவுன்டரில் இருப்பவர் இதை நல்ல மனதோடு, பொறுமையாக விளக்கட்டும். நாயகன் தலையாட்டட்டும். முக்கியமாக, பார்வையாளரும் தலையாட்ட வேண்டும். அந்த விளக்கத்தை எழுதும்போது உங்களுக்கே அந்த விதி சரி என்று ஒரு நிமிடம் படவில்லையென்றால், இன்னும் நன்றாக எழுதவில்லை என்று அர்த்தம். இரண்டாம் காட்சியில் தலையாட்டியவர்தான் ஆறாம் காட்சியில், தான் எதற்குச் சம்மதித்தோம் என்று திடுக்கிடுவார்.

ஆறாம் காட்சியைப் பற்றி விரிவாகச் சொல்ல வேண்டும். பெரிய சறுக்கல் அங்கேதான். நாயகன் வெளியே போக முயல்கிறார், இரண்டு காவலர்கள் பிடித்து இழுத்துவருகிறார்கள், கதவு பூட்டப்படுகிறது. அந்தப் பூட்டு விழுந்ததும் உங்கள் நாடகம் சிறைக் கதையாகிவிடுகிறது. சிறையில் சுதந்திரம் போவது எல்லோருக்கும் தெரிந்த விஷயம். அலுவலகத்தில் அது வேறு விதமாகப் போகும். அங்கே கதவு திறந்துதான் இருக்கும். “தாராளமாகப் போகலாம் சார். போனால் விண்ணப்பத்தைக் கைவிட்டதாகப் பதிவாகும், அவ்வளவுதான்.” இதைச் சொல்லக் காவலர் தேவையில்லை, குரலை உயர்த்தவும் தேவையில்லை.

மெஹ்ரான் கரீமி நாசேரி பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். இரானைச் சேர்ந்தவர். 1988-லிருந்து 2006 வரை பாரிஸ் சார்ல் டி கோல் விமான நிலையத்தின் முதல் முனையத்தில் வாழ்ந்தார். அவரிடம் அகதி ஆவணங்கள் இல்லை. அவர் விமான நிலையத்துக்குள் வந்தது சட்டப்படி சரி, அதனால் வெளியேற்ற முடியாது, ஆனால் நாட்டுக்குள் விடவும் முடியாது என்பதுதான் பிரான்ஸில் அவர் நிலை. முதலில் அகதி ஆவணம் கொடுத்த பெல்ஜியமோ, மாற்று ஆவணம் வேண்டுமென்றால் நேரில் வர வேண்டும் என்றது. அதே பெல்ஜியத்தின் சட்டப்படி, தானாக நாட்டைவிட்டுப் போன அகதி திரும்பி வர முடியாது. உங்கள் மூன்று வரி விதியும் இதுவும் ஒரே அச்சு.

ஆனால் நீங்கள் கவனிக்க வேண்டியது அதற்குப் பிறகு நடந்ததை. 1999-ல் ஆவணங்கள் தயாராகிவிட்டன. கையெழுத்துப் போட்டால் வெளியே போகலாம். அவர் போடவில்லை. இத்தனை வருடத்தில் தனக்கு வேறொரு பெயர் வைத்துக்கொண்டிருந்தார், ஆவணத்தில் பழைய பெயர் இருந்தது. நீண்ட காத்திருப்பு அவர் மனநிலையைப் பாதித்திருந்ததாக அவரை அறிந்தவர்கள் சொன்னார்கள். உடல்நலம் கெட்டு மருத்துவமனைக்குக் கொண்டுபோகப்பட்ட பிறகுதான் 2006-ல் அந்த இடத்தைவிட்டு வெளியேறினார். 2022-ல், கடைசி வாரங்களில் மறுபடி அதே விமான நிலையத்துக்கு வந்து தங்கியிருந்தபோது, அங்கேயே இறந்துபோனார். இதை உங்கள் நாடகத்துக்குள் எடுத்துப் போடச் சொல்லவில்லை, போடவும் கூடாது, அது அவருடைய வாழ்க்கை. ஆனால் சுதந்திரம் எங்கே போய் ஒளிகிறது என்று காட்ட இதைவிடத் தெளிவான சம்பவம் எனக்குத் தெரியாது. வெளியே போகும் அனுமதியைப் பதினோரு வருடம் தராமல் வைத்திருந்தால், அனுமதி வரும்போது போக வேண்டும் என்ற ஆசையே அந்த மனிதரிடம் மிஞ்சாமல் போகலாம்.

அதனால் காவலர்களை எடுத்துவிடுங்கள். பூட்டை எடுத்துவிடுங்கள். மேடையின் வலது பக்கத்தில் கதவு முதலிலிருந்து கடைசிவரை அகலத் திறந்தே இருக்கட்டும். மற்றவர்கள் அதன் வழியாக வந்துபோகட்டும். நாயகன் ஒவ்வொரு காட்சியிலும் தன் கையாலேயே கையெழுத்துப் போட்டு ஒன்றைக் கொடுத்துவிடட்டும், ஒவ்வொன்றுக்கும் ஒரு சின்ன வசதி திரும்பக் கிடைக்கட்டும். பழைய வீட்டுச் சாவியைக் கொடுத்தால் உட்கார நாற்காலி. தொலைபேசியைக் கொடுத்தால் ஜன்னல் பக்கத்து இடம். பெயருக்குப் பதில் டோக்கன் எண்ணால் கூப்பிடச் சம்மதித்தால் வரிசையில் நான்கு இடம் முன்னால். மூன்றாவது கையெழுத்துவரை மக்கள் சிரிப்பார்கள். நான்காவதில், ஒரு சின்ன வசதி கிடைத்த சந்தோஷத்தில் அவர் நன்றி சொல்லும்போது, யாராவது ஒருவருக்குச் சிரிப்பு நின்றுவிடும். எந்த இடத்தில் நின்றது என்பது ஆளாளுக்கு மாறும். அது மாறத்தான் வேண்டும்.

இன்னொரு குறை. உங்கள் நாயகன் ஒன்றுமே செய்வதில்லை. வரிசையில் நிற்கிறார், அனுப்பிய இடத்துக்குப் போகிறார், ஏமாந்து திரும்புகிறார். பாவமாக இருக்கிறது, ஆனால் பாவப்பட வைப்பது மட்டும் ஒன்றரை மணி நேரத்துக்குக் காணாது. உத்தரப் பிரதேசத்தின் ஆசம்கர் மாவட்டத்தில் லால் பிஹாரி என்ற விவசாயி, 1976 வாக்கில் கடன் வாங்கப் போன இடத்தில், அரசுப் பதிவேட்டில் தான் இறந்துவிட்டதைத் தெரிந்துகொண்டார். நிலத்துக்காக உறவினர்கள் லஞ்சம் கொடுத்துச் செய்த வேலை. உயிரோடிருப்பதாகப் பதிவேற 1994 வரை ஆனது. இடைப்பட்ட வருடங்களில் அவர் செய்த காரியங்களைப் பாருங்கள். தன் மனைவிக்கு விதவை உதவித்தொகை கேட்டு விண்ணப்பித்தார். தன்னைக் கைது செய்தால் காவல் நிலையப் பதிவிலாவது உயிரோடிருப்பவராகப் பெயர் ஏறும் என்று, உறவுக்காரப் பையன் ஒருவனைக் கடத்திக்கொண்டு போனார். 1989-ல் அமேதி தொகுதியில் ராஜீவ் காந்தியை எதிர்த்துத் தேர்தலில் நின்றார். பெயரோடு ‘மிருதக்’, அதாவது இறந்தவர், என்று சேர்த்துக்கொண்டார். தன்னைப் போலப் பதிவேட்டில் செத்துப்போனவர்களைத் திரட்டி ஒரு சங்கமே நடத்தினார்.

ஒவ்வொரு செயலும் விதியின் தர்க்கத்துக்குள்ளேயே நின்று விதியை முட்டுகிறது. நான் இறந்துவிட்டேன் என்றால் என் மனைவி விதவைதானே, உதவித்தொகை எங்கே? இதில் சிரிப்பு தானாக வருகிறது, கூடவே ஒரு மனிதனின் பிடிவாதமும் தெரிகிறது. அந்தப் பிடிவாதம்தான் அவருடைய சுதந்திரம். உங்கள் நாயகனும் அப்படி ஏதாவது செய்து பார்க்கட்டும். முகவரி இல்லாதவருக்கு அபராத நோட்டீஸ் எந்த முகவரிக்கு வரும் என்று கேட்கட்டும். வேண்டுமென்றே ஒரு குற்றம் செய்து, சம்மனில் தன் வீட்டு எண்ணை எழுதவைக்கப் பார்க்கட்டும். இரண்டு, மூன்று தடவை ஜெயிக்கும் அளவுக்கு நெருங்கட்டும். முதல் பாதியில் அவ்வளவு புத்திசாலித்தனமாகச் சண்டை போட்டவர் பிற்பாதியில் தானே முன்வந்து கையெழுத்துப் போடும்போதுதான் எதை இழந்தார் என்று நமக்குத் தெரியும். முதலிலிருந்தே பணிந்துபோகிறவரிடம் இழக்க எதுவும் இல்லை.

கவுன்டரில் இருக்கும் பெண்மணியைப் பற்றி. அவரை அரக்கியாக எழுதியிருக்கிறீர்கள், ஆனால் பிரதியிலேயே அதிக வாய்ப்புள்ள பாத்திரம் அவர்தான். 1989 நவம்பர் 9 இரவு கிழக்கு பெர்லினிலிருந்து மேற்கு பெர்லினுக்குப் போகும் போர்ன்ஹோல்மர் தெரு எல்லைச் சாவடியில் பொறுப்பில் இருந்த ஹரால்ட் யேகரை நினைத்துப் பாருங்கள். பயண விதிகள் தளர்த்தப்படுவதாகத் தொலைக்காட்சியில் பார்த்த மக்கள் ஆயிரக்கணக்கில் சாவடி முன் குவிந்துவிட்டார்கள். அவருக்கோ எந்த உத்தரவும் வரவில்லை. மேலிடத்துக்குத் திரும்பத் திரும்பத் தொலைபேசியில் கேட்கிறார். கடைசியில் வந்த உத்தரவு இது: அதிகமாகக் கூச்சல் போடுகிறவர்களை மட்டும் வெளியே விடு, ஆனால் அவர்களுடைய அடையாள ஆவணத்தில் புகைப்படத்தின் மேலேயே முத்திரை குத்து. அந்த முத்திரைக்கு அர்த்தம், இனி நாட்டுக்குள் திரும்ப முடியாது. மேற்குப் பக்கம் சும்மா எட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பிய ஒரு இளம் தம்பதியிடம், நீங்கள் இனி இந்த நாட்டுக் குடிமக்கள் இல்லை என்று சொல்ல வேண்டிவந்தது. அவர்களுடைய குழந்தைகள் வீட்டில் தூங்கிக்கொண்டிருந்தார்கள். யேகர் அவர்களை உள்ளே விட்டார். இரவு பதினொன்றரை மணி வாக்கில், உத்தரவு இல்லாமலேயே கதவைத் திறக்கச் சொன்னார்.

அவர் காலமெல்லாம் விதியை மீறாத அதிகாரி. அந்த இரவில் அவருக்குள் நடந்த இழுபறியை உங்கள் எழுத்தரான அந்தப் பெண்மணிக்கும் கொடுங்கள். நாயகனுக்கு உதவ அவர் உண்மையாகவே விரும்பட்டும். மேலே கேட்டுக்கொண்டே இருக்கட்டும். ஒரு காட்சியில் விதியை மீறும் விளிம்புவரை வரட்டும். அந்த நேரத்தில், “வேண்டாம்மா, முறைப்படியே நடக்கட்டும்” என்று நாயகனே தடுத்தால்? இந்த நாடகத்தின் இருட்டு முழுவதும் அந்த ஒரு வசனத்தில் இறங்கிவிடும். எனக்கு எட்டாம் காட்சியே இதுவாக இருக்க வேண்டும் என்று தோன்றுகிறது.

பேச்சு மொழியிலும் கொஞ்சம் வேலை இருக்கிறது. இப்போது அலுவலகத்தில் எல்லோரும் கோமாளிபோலப் பேசுகிறார்கள். உண்மையான அலுவலக மொழி அமைதியானது. அதில் யாரும் எதையும் செய்வதில்லை, எல்லாம் தானாகவே ‘பரிசீலனையில் உள்ளது’, ‘உரிய வழியில் அனுப்பப்பட்டது’, ‘மேற்படி நபருக்குத் தெரிவிக்கப்பட்டது’. முதல் காட்சியில் நாயகன், “எனக்கு வீடு மாறணும்மா, பொண்ணுக்கு அந்த ஸ்கூல்தான் பக்கம்” என்று பேசுகிறார், ரொம்ப நன்றாக இருக்கிறது. அந்தப் பேச்சு காட்சிக்குக் காட்சி ஒரு சொல் ஒரு சொல்லாக மாறட்டும். ஏழாம் காட்சியில் மகள் வந்து, “அப்பா, எப்போ வருவே?” என்று கேட்கும்போது, “உன் கேள்வி குறித்துக்கொள்ளப்பட்டது” என்று அவர் அன்போடு பதில் சொன்னால் போதும். தனியாக ஒரு சோகக் காட்சி எழுத வேண்டியதில்லை. இப்போது அங்கே இருக்கும் இரண்டு பக்க அழுகையை எடுத்துவிடலாம்.

உங்கள் இரண்டாவது நண்பரின் கேள்வியை லேசாக எடுத்துக்கொள்ளாதீர்கள். தென்னாப்பிரிக்காவில் 1952-ல் ஒரு சட்டம் வந்தது. பாஸ்களை, அதாவது கறுப்பின மக்களின் நடமாட்டத்துக்கான அனுமதிச் சீட்டுகளை, ஒழிப்பதற்கான சட்டம் என்று அதற்குப் பெயர். அது செய்த காரியம், 16 வயதைத் தாண்டிய கறுப்பின மக்கள் ஒவ்வொருவரும் அடையாளப் புத்தகம் ஒன்றை எப்போதும் கையில் வைத்திருக்க வேண்டும் என்று கட்டாயமாக்கியது. ஒழிக்கும் சட்டத்தால் எல்லோர் கையிலும் பாஸ். இதைக் கேட்டதும் சிரிப்பு வருகிறது, வரட்டும், அந்தச் சிரிப்பு அந்தச் சட்டத்தின் முகத்தில்தான் விழுகிறது. ஆனால் 1960 மார்ச் 21 அன்று ஷார்ப்வில்லில், பாஸ் இல்லாமல் வந்திருக்கிறோம், எங்களைக் கைது செய்யுங்கள் என்று காவல் நிலையத்தின் முன் கூடியவர்கள்மேல் போலீஸ் சுட்டது. அதிகாரபூர்வக் கணக்கில் 69 பேர் இறந்தார்கள். பாஸ் சட்டங்கள் 1986-ல்தான் நீங்கின. அங்கே சிரிக்க எதுவும் இல்லை.

இதில் நான் கறாரானவன். விதியைப் பார்த்துச் சிரிக்கலாம், அதன் பெயரைப் பார்த்து, படிவத்தைப் பார்த்து, அதை நம்பி உட்கார்ந்திருக்கும் மேலிடத்தைப் பார்த்துச் சிரிக்கலாம். படிக்கத் தெரியாமல் படிவத்தைத் தலைகீழாகப் பிடித்திருக்கும் கிழவரைப் பார்த்துச் சிரிக்க வைக்கக் கூடாது. உங்கள் நான்காம் காட்சியில் அப்படி ஒரு கிழவர் இருக்கிறார், நண்பருக்கு உறுத்தியது அவர்தான் என்று நினைக்கிறேன். அவரை எடுத்துவிடாதீர்கள், நகைச்சுவையை மட்டும் அவரிடமிருந்து எடுத்துவிடுங்கள். வரிசையில் அவர் ஒருவர் மட்டும் சிரிப்பே வராத மனிதராக, தன் காரியத்துக்காக வந்தவராக நிற்கட்டும். சுற்றி நடக்கும் வேடிக்கைக்கு அவர் ஒரு அளவுகோலாக இருப்பார்.

முடிவுக்கு வருகிறேன். நாயகன் எழுத்தராகிவிடுவார் என்று பாதி நாடகத்திலேயே எல்லோரும் ஊகித்துவிடுவார்கள். அதைவிட, நாடகத்தின் முக்கால்வாசியில் ஒப்புதலைக் கொடுத்துவிடுங்கள். தாள் கையில், கதவு திறந்திருக்கிறது, மகள் வாசலில் நிற்கிறாள். அவர் தாளைப் படிக்கிறார். வீட்டு எண்ணில் ஒரு சின்னப் பிழை. யாரும் கவனித்திருக்க மாட்டார்கள், யாரும் கேட்கவும் மாட்டார்கள். அவர் திரும்பி நடந்து, வரிசையின் கடைசியில் போய் நின்று, திருத்தம் கோரும் படிவம் எங்கே கிடைக்கும் என்று விசாரிக்கிறார். மிச்சம் இருக்கும் இருபது நிமிடத்தில் எழுத்தரும் மகளும் கிழவரும் சேர்ந்து அவரை வெளியே அனுப்பப் படாதபாடு படுவதை எழுதுங்கள். அவர் போகிறாரா இல்லையா என்பதை இப்போதே முடிவு செய்ய வேண்டாம். முன்காட்சிகளைத் திருத்தி முடித்தபின் அது உங்களுக்கே தெரியும்.

மறுபடி நண்பர்களுக்கு வாசித்துக் காட்டும் முன், கவுன்டரில் வருடக்கணக்கில் வேலை பார்த்த ஒருவருக்கு இரண்டாம் காட்சியை மட்டும் வாசித்துக் காட்டுங்கள். விதியின் நியாயம் அவருக்குச் சரியாகப் படுகிறதா என்று கேளுங்கள். நிழல் புகைப்படம், தும்மல் சீட்டு, நடு மாடி மூன்றையும் இன்றே நீக்கிவிடலாம். திருத்திய பிறகு ஆறாம் காட்சியையும் எட்டாம் காட்சியையும் எனக்கு அனுப்புங்கள், படித்துவிட்டு எழுதுகிறேன்.